ஒதுக்கியதும் ஒதுங்கியதும்

ஒதுங்கு என்ற சொல்லுக்குப் பழைய தமிழில் நடப்பது என்றொரு பொருள் உண்டு. விலகிப் போவது, மழைக்கு ஒரு கூரையடியில் நிற்பது எல்லாம் அதே சொல்தான். படிக்காதவனை, பள்ளிக்கூடத்துப் பக்கம் மழைக்குக்கூட ஒதுங்காதவன் என்று கிண்டல் செய்வார்கள். தானாக விலகினால் ஒதுங்குவது, இன்னொருவரை விலக்கினால் ஒதுக்குவது. அகராதியில் இவ்வளவு சுலபம். எழுபதுகளின் கடைசியில், கொச்சி மட்டாஞ்சேரியில், எனக்கு அது சுலபமாக இருக்கவில்லை.

மிளகுக் கிடங்கில் வேலை பார்த்த என் கணவருக்கு அம்மை போட்டது. எங்களுக்கு இருந்தது ஒரே அறை. குறுக்கே பழைய புடவையைக் கட்டி அவரை அந்தப் பக்கம் ஒதுக்கினேன். இந்தப் பக்கம் நானும், அப்போதுதான் கஞ்சி குடிக்கப் பழகியிருந்த மகளும். புடவைக்கெல்லாம் அம்மை அடங்குமா? குழந்தையின் வயிறு, முதுகு, காதுக்குப் பின்புறம் என்று நாள் முழுக்கத் தடவிப் பார்த்தேன். கொச்சியில் கொசுவுக்கா பஞ்சம்? ஒவ்வொரு தடிப்பையும் விளக்கருகே கொண்டுபோய்ப் பார்த்தேன்.

வாசலில் வேப்பிலையைப் பார்த்துவிட்டுப் பக்கத்து வீட்டுச் சேச்சி வந்து நின்றார்.

"குஞ்ஞினெ இங்ஙோட்டு தா. எனிக்கு இது பண்டே வந்து போயதா."

அவருக்கு முன்பே அம்மை வந்து போனதற்குக் கன்னத்துத் தழும்புகளே சாட்சி. ஆனாலும் எனக்குக் கை எழவில்லை. அம்மை கண்ட வீட்டிலிருந்து ஒரு பிடி உப்பைக்கூட வெளியே கொடுக்கக் கூடாது என்பது எங்கள் வழக்கம். கொடுத்தால் அம்மனுக்குக் கோபம் வரும். பிள்ளையையே கொடுப்பதா? வைத்துக்கொண்டாலும் பயம், கொடுத்தாலும் பயம்.

"கொடுத்துடு" என்றார் கணவர், புடவைக்குப் பின்னாலிருந்து. "ஆத்தா கோவிச்சா என்மேலே கோவிச்சுக்கட்டும்."

கொடுத்தேன். இரண்டு வீட்டுக்கும் நடுவே பலகைச் சுவர்தான். அவள் அழுவது கேட்கும். என் குரல் கேட்டால் இன்னும் அழுவாள் என்று வாயைப் பொத்திக்கொள்வேன். பிறகு அழுகை குறைந்தது. அது அதைவிடப் பயமாக இருந்தது. பலகையில் காதை வைத்தேன். அந்தப் பக்கம் சிரித்துக்கொண்டிருந்தாள்.

கணவருக்கு மூன்றாவது தண்ணீர் ஊற்றி முடிந்ததும் நானும் தலை முழுகிவிட்டு ஈரக்கூந்தலோடு ஓடினேன். மகள் உடம்பில் ஒரு கொப்புளம் இல்லை. இரண்டு கையையும் நீட்டினேன். என்னைக் கொஞ்ச நேரம் பார்த்தாள். பிறகு சேச்சியின் தோளில் முகத்தைப் புதைத்து ஒதுங்கிக்கொண்டாள்.