ரிசர்வ் மாமன்

என் தம்பி செல்லப்பாவின் தொழில் உட்கார்ந்திருப்பது. கோபத்தில் சொல்கிறேன் என்று நினைக்காதீர்கள். கோபமும் இருக்கிறது, உண்மையும் அதுதான். தக்கண் ரோவர்ஸ் என்ற கால்பந்து அணியில் அவன் இரண்டாவது கோல்கீப்பர். முதல் கோல்கீப்பர் இர்பான் கம்பங்களுக்கு நடுவே நிற்பான். இவன் கோட்டுக்கு வெளியே, இரண்டு கையிலும் கையுறை மாட்டிக்கொண்டு, தொண்ணூறு நிமிடமும் பெஞ்சில் உட்கார்ந்திருப்பான். "அதைக் கழட்டி வெச்சாத்தான் என்னடா, கை வேர்க்காதா?" என்று ஒருமுறை கேட்டேன். "கூப்பிட்டா உடனே போகணும்ல அக்கா" என்றான். இந்த சீசன் முழுக்க அவனை ஒருவரும் கூப்பிடவில்லை.

திருச்சியிலிருந்து ரயில்வே வேலைக்காகத் தெலுங்கு நாட்டுக்கு வந்து மெட்டுகுடா குவார்ட்டர்ஸிலேயே நான்கு தலைமுறையாகத் தங்கிப்போன குடும்பம் எங்களுடையது. ஜல்லி கொட்டிய மைதானத்தில் விழுந்து விழுந்து பந்து பிடித்தே முட்டி தேய்ந்தவன் அவன். பரணிலிருந்து எவர்சில்வர் குண்டான் நழுவினால் எங்கள் வீட்டில் சத்தம் கேட்காது, அது அவன் கையில் இருக்கும். ரயில்வேயில் விளையாட்டுக் கோட்டாவில் சேர்ந்துகொள்ளடா என்று அப்பா கடைசிவரை சொல்லிப் பார்த்தார். இவன் கேட்கவில்லை. நான்கு கிளப் மாறினான், நான்கிலும் பெஞ்சுதான். இப்போது வயது முப்பத்து மூன்று, கல்யாணமும் ஆகவில்லை. அப்பா, அம்மா இருவரும் போன பிறகு பிறந்த வீடு என்று எனக்கு மிச்சமிருப்பவன் இவன் ஒருவன்தான்.

அதனால்தான் என் மகள் வர்ஷினியின் காதுகுத்து எனக்கு அவ்வளவு பெரிய விஷயமாக இருந்தது. தாய்மாமன் மடியில் உட்கார வைத்துத்தான் காது குத்துவார்கள். அவள் அப்பா பக்கம் புதுக்கோட்டையிலிருந்து ஒரு ரயில் பெட்டி நிறைய வருவார்கள். என் பக்கம் வரப்போவது ஒரு மடி. அந்த மடி வந்தே ஆக வேண்டும்.

சங்கராந்தி சமயத்தில் நாள் குறிக்க உட்கார்ந்தோம். மெட்டுகுடா கோயில் குருக்கள் மார்ச் மாதத்தில் இரண்டு ஞாயிற்றுக்கிழமைகள் கொடுத்திருந்தார். முதலாவதில் செல்லப்பாவுக்கு வெளியூர் மேட்ச். "ரெண்டாவதை எடு அக்கா, கண்ணை மூடிட்டு எடு. அந்த வாரம் எங்களுக்கு மேட்சே கிடையாது" என்றான். "இப்பவே உனக்கு எப்படிடா தெரியும்?" என்றேன். உடனே சமையலறைக்குப் போய் சகினாலு டப்பாவைத் தூக்கிக்கொண்டு வந்தான். சங்கராந்திக்கு எதிர்வீட்டில் கொடுத்த அரிசிமாவு வளையங்கள் அவை. பத்தை எண்ணி என் சாப்பாட்டு மேஜையில் வரிசையாக வைத்தான்.

"லீக்ல பத்து டீம். எல்லாரும் எல்லார்கூடவும் ஆடி முடிச்சதும் கடைசி நாலு பேர் வீட்டுக்கு" என்று சொல்லி நான்கு சகினாலைத் தின்றான். "மிச்சம் ஆறு. இதுல முதல் ரெண்டு இடத்துக்காரங்க நேரா செமிஃபைனல். அவங்களுக்கு ஒரு வாரம் ரெஸ்ட்." இரண்டை எடுத்துத் தனித் தட்டில் வைத்தான். "பாக்கி நாலும் அந்த ஞாயித்துக்கிழமை மோதணும். மூணாவது கூட ஆறாவது, நாலாவது கூட அஞ்சாவது. ஒரே மேட்ச், தோத்தா அவுட். ஜெயிக்கிற ரெண்டும் தட்டுல உக்காந்திருக்கிற இந்த ரெண்டு பேர்கூட செமி ஆடும். செமி மட்டும் ரெண்டு மேட்ச், இவங்க ஊர்ல ஒண்ணு, அவங்க ஊர்ல ஒண்ணு. ரெண்டு மேட்ச் கோலையும் கூட்டிப் பார்ப்பாங்க. அப்புறம் ஃபைனல்." தோற்றதையெல்லாம் தின்று, கடைசியில் மிஞ்சிய ஒரு சகினாலை வர்ஷினி வாயில் போட்டு, "இவதான் சாம்பியன்!" என்றான்.

"நீங்க எதுல இருக்கீங்க?"

தட்டைக் காட்டினான். "ரெண்டாவது. மூணாவது டீமைவிட ஏழு புள்ளி மேல. நக்கோ டென்ஷன் அக்கா, கவலையே வேண்டாம். அந்த ஞாயித்துக்கிழமை அவங்க நாலு பேரும் அடிச்சுக்கட்டும், நான் உன் வீட்டுல உக்காந்து இட்லி சாப்பிடுறேன்."

ஊர் உலகம் பஞ்சாங்கம் பார்த்து நாள் குறிக்கும். நாங்கள் புள்ளிப்பட்டியல் பார்த்துக் குறித்தோம். என் கணவர் சீனு கம்ப்யூட்டர்க்காரர், அவரும் தலையை ஆட்டினார். ஊரில் இருக்கும் அவர் அண்ணன் ஜம்புநாதன் அன்றே எல்லோருக்கும் ரயில் டிக்கெட் போட்டுவிட்டார். கோயில் கூடத்துக்கு முன்பணமும் கொடுத்தாயிற்று.

பிப்ரவரியில் ஆரம்பித்தது வினை. அணி ஒரு மேட்ச் தோற்றது, ஒன்று டிரா, மறுபடியும் தோல்வி. அதுவரை எந்தப் பக்கம் யார் அடிக்க வேண்டும் என்றுகூடத் தெரியாத நான் ஆபீஸில் மீட்டிங் நடுவே புள்ளிப்பட்டியல் பார்க்கத் தொடங்கினேன். மங்களூர் அணி மூன்றாவது இடத்திலிருந்து ஏறி ஏறி வந்தது. அவர்கள் ஜெயித்த ஒவ்வொரு மேட்சுக்கும் நான் வாய்விட்டுத் திட்டினேன். கடைசி லீக் ஆட்டத்தில் நாங்கள் டிரா செய்தால்கூடப் போதும் என்று இருந்தது. எண்பத்தெட்டு நிமிடம் வரை கோலே இல்லை. நான் பூஜை அலமாரிக்கு முன்னால் போய் நின்றேன். திரும்பி வந்து பார்த்தால் டிவியில் எதிரணிக்காரர்கள் ஒருவர்மேல் ஒருவர் ஏறிக் கும்மாளம் போட்டுக்கொண்டிருந்தார்கள். நாங்கள் மூன்றாவது. தட்டிலிருந்து தவறி மேஜைக்கு வந்துவிட்டோம்.

போன் போட்டேன். "அக்கா, ஞாயித்துக்கிழமை மத்தியானம் மூணு மணிக்கு, ஆறாவது டீம் கொச்சியோட. மூணாவதா வந்ததால மேட்ச் நம்ம ஊர்லதான், லோத்குண்டா கிரவுண்டுல" என்றான், ஏதோ பெரிய உபகாரம் செய்தவன் மாதிரி.

"காலைல ஒன்பது மணிக்குக் காது குத்து. வந்து மடியைக் கொடுத்துட்டுப் போடா."

"முடியாதுக்கா. முந்தின நாள் சாயங்காலமே கேம்ப். மேட்ச் முடியற வரைக்கும் யாரையும் வெளியே விட மாட்டாங்க."

எனக்கு எங்கிருந்துதான் அவ்வளவு ஆத்திரம் வந்ததோ. "உன்னை அங்க கைக்குடா, எதுக்குடா கூப்பிடுறாங்க? இந்த வருஷம் ஒரு நிமிஷம் ஆடியிருக்கியா? அங்க போய் உட்காரத்தானே போற? அந்த உட்கார்றதை என் வீட்டு மணையில வந்து உட்காரு!"

மெதுவாக, "ஹவ் அக்கா, ஆமா, உட்காரத்தான் போறேன்" என்று சொல்லி வைத்துவிட்டான். நான் அடுப்படியில் நின்று அழுதேன். சொன்னதற்காக அழவில்லை. அவன் வர மாட்டான் என்பதற்காக அழுதேன்.

அழுது முடித்துக் குருக்களிடம் போய் நின்றேன். அவர் புரட்டிப் பார்த்து, சாயங்காலமும் நல்ல நேரம்தான், ஆனால் கோயிலில் விளக்கு வைப்பதற்குள் குத்தி முடித்துவிட வேண்டும் என்றார். மூன்று மணிக்கு மேட்ச், ஐந்துக்குள் முடியும், ஐந்தரைக்கு மெட்டுகுடா. தாராளம் என்று நினைத்தேன். புதுக்கோட்டையிலிருந்து வந்து இறங்கிய ஜம்புநாதனுக்கு மட்டும் அது பிடிக்கவில்லை. "ஏம்மா பூர்ணா, பந்து விளையாட்டுக்காகக் காதுகுத்தைத் தள்ளிவெச்ச குடும்பத்தை நான் இப்பத்தான் பாக்குறேன். சரி, போகட்டும். உன் தம்பி வரலேன்னா பிள்ளையை அப்படியே தூக்கிட்டுப் போகச் சொல்றியா? உன் பெரியம்மா மகன் ராகேஷ் முறைக்குத் தம்பிதானே? விளக்கு வைக்கிறதுக்குள்ள இவன் வரலேன்னா அவன் உட்காரட்டும்" என்றார். சரி என்று தலையாட்டினேன். செல்லப்பாவுக்கு இதைச் செய்தியாக அனுப்பினேன். "ரிசர்வ் மாமனா? வேஷ்டியோட தயாரா இருக்கச் சொல்லு. எந்த நேரமும் கூப்பிடுவாங்க" என்று பதில் வந்தது. கொழுப்பைப் பாருங்கள்!

ஞாயிற்றுக்கிழமை கோயில் கூடத்தில் ஆசாரி ஊசியைத் துடைத்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். மாமன் சீர்த் தட்டில் செல்லப்பா முன்பே வாங்கிக் கொடுத்த குட்டித் தோடு மின்னியது. ராகேஷ் பட்டு வேஷ்டியில் ஓரமாக நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தான். சீனு தன் போனைத் தேங்காய்த் தட்டில் சாய்த்து வைத்து மேட்சைப் போட்டார். நான் பார்க்க மாட்டேன் என்று முதுகைக் காட்டிப் பூ தொடுத்தேன்.

பத்து நிமிடம்கூட ஆகியிருக்காது, "ஐயையோ!" என்றார் சீனு. இர்பான் எதிரணிக்காரன்மேல் மோதித் தோள்பட்டையைப் பிடித்துக்கொண்டு கிடந்தான். ஸ்டிரெச்சர் வந்தது. கேமரா பெஞ்சுக்குப் போனது. அங்கே என் தம்பி எழுந்து நின்றான். கையுறை ஏற்கெனவே கையில் இருந்தது.

பூவெல்லாம் தரையில் போயிற்று. போனுக்கு முன்னால் முதல் ஆளாக நான்தான் உட்கார்ந்தேன்.

"மாமய்யா!" என்று கத்தினாள் வர்ஷினி. நாம் தமிழில் கேட்டால் தெலுங்கில் பதில் சொல்லும் பிள்ளை, அன்று மாமனைத் தவிர வேறு பேச்சில்லை. அவன் குதித்துப் பிடித்தான், விழுந்து பிடித்தான், ஒருமுறை முகத்தில் வாங்கிக்கொண்டு பிடித்தான். இடைவேளைக்கு முன் எங்கள் அணி ஒரு கோல் போட்டது. ஜம்புநாதன் மெல்ல நாற்காலியை இழுத்துக்கொண்டு பக்கத்தில் வந்தார். ஆட்டம் முடிய ஐந்து நிமிடம் இருக்கும்போது கொச்சிக்காரன் ஒருவன் தூரத்திலிருந்து அடித்த பந்து செல்லப்பாவின் விரல் நுனியில் பட்டு உள்ளே போனது. ஒன்றுக்கு ஒன்று. "பரவாயில்லடா, பரவாயில்லடா" என்று போனைப் பார்த்துக் கத்தினேன், அவனுக்குக் கேட்கிற மாதிரி.

"சமம்தானே? ஆளுக்கு ஒரு புள்ளி எடுத்துக்கிட்டுக் கிளம்ப வேண்டியதுதானே?" என்றார் ஜம்புநாதன்.

"அது லீக்லங்க! நாக்அவுட்ல சமமே கிடையாது. யாராவது ஒருத்தர் வீட்டுக்குப் போயே ஆகணும். இன்னும் அரை மணி ஆடுவாங்க, அப்பவும் சமமா இருந்தா பெனால்டி" என்றேன் நான். யார் யாருக்குப் பாடம் எடுப்பது பாருங்கள்! சொல்லி முடித்ததும்தான் எனக்கே உறைத்தது. இன்னும் அரை மணி. ஜன்னல் வழியாகப் பார்த்தேன். வெயில் சுவரில் பாதிக்கு ஏறியிருந்தது.

கூடுதல் நேரத்தில் கொச்சிக்காரன் ஒருவன் தலையால் முட்டிய பந்தை அவன் கோட்டுமேல் படுத்து ஒற்றைக் கையால் தள்ளினான். பரணிலிருந்து விழும் குண்டானைப் பிடிக்கிற அதே கை. கூடத்தில் இருந்த அத்தனை பேரும் எழுந்து நின்று கத்தியதில் குருக்கள் பதறிக்கொண்டு வந்தார். வந்தவரும் போகவில்லை. பெனால்டி தொடங்கியது. எங்கள் ஆட்கள் ஐந்து அடித்து ஐந்தும் உள்ளே. அவர்கள் நான்கு அடித்து நான்கும் உள்ளே. உண்மையைச் சொல்ல வேண்டும், ஒன்றைக்கூட என் தம்பி தொடவில்லை. எல்லாவற்றுக்கும் தப்பான பக்கம் பாய்ந்தான். ஐந்தாவதுக்கு மட்டும் பாயவில்லை. அப்படியே நடுவில், கையை விரித்து நின்றான். அவனைத் தவிர்க்கப் பார்த்து ஓரத்தில் அடித்தவன் கம்பத்தில் அடித்தான்.

அதற்குப் பிறகு கூடத்தில் நடந்ததைச் சொல்ல முடியாது. ஜம்புநாதன் ராகேஷைக் கட்டிப்பிடித்தார். சீனு யாரைக் கட்டிப்பிடித்தார் என்று அவருக்கே தெரியவில்லை.

நான் மட்டும் வாசலுக்கு ஓடினேன். வெயில் சுவரை விட்டுப் போய்விட்டது. போனை எடுக்கவே இல்லை அவன். குருக்கள் எண்ணெய்க் கிண்ணத்தை எடுத்துவிட்டார், திரி திரிக்கிறார். "பூர்ணா, இனிமே தாங்காதும்மா" என்றார் ஜம்புநாதன், அவர் குரலிலேயே மனசில்லை. ராகேஷ் எழுந்து வேஷ்டியைச் சரிசெய்துகொண்டு மணைப்பக்கம் போனான். அப்போது தெருமுனையில் ஹாரன் கேட்டது. ஆட்டம் முடியும்வரை போக மாட்டேன் என்று கிரவுண்டிலேயே இருந்துவிட்ட இர்பானை இப்போதுதான் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போகும் வண்டி. முன்சீட்டில் கையைக் கழுத்தோடு துணியில் கட்டித் தொங்கவிட்ட இர்பான், "பாயி, இங்கதான், நிறுத்துங்க நிறுத்துங்க!" என்று கத்தினான். வலியோடு இவனுக்காகச் சுற்றுவழியில் வந்திருக்கிறான் அந்தப் பிள்ளை. பின்கதவு திறந்து செல்லப்பா குதித்தான். ஜெர்சியெல்லாம் சேறு, முழங்கையில் ரத்தம், கையில் இன்னும் அந்தக் கையுறை.

"கால் கழுவு!" என்றேன். ராகேஷ் மணையை விட்டு விலகி நின்று கை தட்டினான். குருக்கள் ஏற்றிய தீக்குச்சியை ஊதி அணைத்துவிட்டு, "ம், சீக்கிரம்" என்றார்.

செல்லப்பா மணையில் சம்மணம் போட்டு உட்கார்ந்தான். வர்ஷினி ஓடிப்போய் மடியில் விழுந்தாள். கையுறையைக் கழற்றி அவளிடம் கொடுத்தான், அவள் அதை மார்போடு கட்டிக்கொண்டாள். அவள் தலையை இரண்டு கையாலும் ஏந்திப் பிடித்தான். ஆசாரி ஊசியை எடுத்தார். அந்த நேரத்தில் அவன் தலை நிமிர்த்தி என்னைப் பார்த்தான். கண் சிவந்திருந்தது.

"அக்கா, இன்னிக்கு அங்க நான் உட்காரவே இல்ல" என்றான். "இப்பத்தான் உட்கார்றேன்."