மெரிலேண்ட்ஸில் ஒரு கதாநாயகி

நான் புலம்பெயர்ந்து வந்த மெரிலேண்ட்ஸில் ஒரு பழைய அடுக்குமாடி வீட்டில், எண்பதைக் கடந்த அஜர்பைஜான் சினிமா நடிகை ஒருவரைக் குளிப்பாட்டிவிடுவது சில வருடங்கள் என் வேலையாக இருந்தது. வாரம் மூன்று நாள். அந்தக் காலத்தில் பாகு நகரில் அவர் தெருவில் இறங்கினால் டிராம் நின்றுவிடுமாம். இங்கே அவருக்காக நின்றது நான்தான், துவாயோடு.

பத்தொன்பது வயதில் எண்ணெய்க் கிணற்றுத் தொழிலாளியின் காதலியாக முதல் படம். பிறகு ஆறு படங்களில் கதாநாயகி. நாற்பது வயதில், தன்னைவிட ஐந்தே வயது இளைய நடிகருக்குத் தாயாக நடிக்கக் கூப்பிட்டார்கள். மாட்டேன் என்று வீட்டுக்குப் போனவர் பிறகு கமெராவுக்கு முன்னால் நிற்கவேயில்லை. எங்கள் தமிழ்ப் படங்களில் இதெல்லாம் சாதாரணம் என்று நான் வாயை வைத்துக்கொண்டு சும்மா இராமல் சொல்லிவிட்டேன். அந்த வாரம் முழுவதும் என்னோடு பேசவில்லை.

இடுப்பு மோசமானதும் உதவி நேரத்தைக் கூட்டித் தரும்படி அரசாங்கத்துக்கு விண்ணப்பித்தோம். நேரில் பார்த்து மதிப்பிட ஒரு பெண் வருவதாகக் கடிதம் வந்தது. இந்த விஷயத்தில் எங்கள் ஆட்களுக்கு யாரும் சொல்லித்தரத் தேவையில்லை. காலையில் கடைக்குப் போய் வாழைக்காய் பொறுக்கிய தமிழ் அன்ரி, மதிப்பிட ஆள் வரும் பதினொரு மணிக்குத் தலை வாராமல் கட்டிலில் கிடந்து முனகுவார். அந்த வித்தை முழுவதையும் நடிகைக்கு எடுத்துச் சொன்னேன்.

“லிப்ஸ்டிக் வேண்டாம் அன்ரி. தடியைப் பிடிச்சுக்கொண்டு மெல்ல நடவுங்கோ. எல்லாத்துக்கும் ஏலாது எண்டு சொல்லுங்கோ,” என்றேன், எங்கள் இருவருக்கும் பொதுவான அரைகுறை ஆங்கிலத்தில்.

“கிழவியா நடிக்கவோ? அதை நாற்பது வயசிலயே மாட்டன் எண்டனான்,” என்றார்.

அந்தப் பெண் வரும் நாளன்று நான் போனபோது லிப்ஸ்டிக், பச்சைப் பட்டுக் கவுன். தடி அலுமாரிக்குள். வந்த பெண்ணுக்குத் தானே கதவைத் திறந்தார். இடை சிறுத்த கண்ணாடிக் குவளைகளில் தேநீரும் செர்ரி ஜாமும் தட்டில் ஏந்தி, குசினியிலிருந்து சொட்டுச் சிந்தாமல் நடந்து வந்தார். தட்டை வைக்கும்போது கழுத்து நரம்பு புடைத்ததை நான் மட்டும் கண்டேன்.

“நேற்று கட்டிலால இறங்கவே முக்கால் மணித்தியாலம் எடுத்தவ,” என்று சொல்லிப் பார்த்தேன்.

“இவவுக்கு என்னில பாசம் கூட,” என்று சிரித்தார்.

வந்தவளும் சிரித்தாள். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. பார்த்தால் அறுபத்தைந்துதான் மதிக்கலாம் என்று சொல்லிவிட்டு அவள் போனாள். கதவு சாத்தியதும் நடிகை சுவரோடு சரிந்தார். ஓடிப்போய்த் தாங்கிப் பிடித்தேன்.

அடுத்த மாதம் முடிவு வந்தது. இருந்த மூன்று நாளும் ஒரு நாளாகியிருந்தது, அதுவும் வீடு துடைக்க மட்டும். குளிப்பு இனி அவர் பாடு. எதிரில் கதிரையில் இருந்தவருக்குக் கடிதத்தை வாசித்துக் காட்டினேன். உதவியின்றி நன்றாக நடக்கிறார் என்ற வரி வந்ததும் திரும்ப வாசிக்கச் சொன்னார். கோபத்தோடு வாசித்தேன். இன்னொருமுறை என்றார். அவரைப் பற்றி நாற்பது வருடத்தில் எவரும் எழுதிய முதல் நல்ல வார்த்தை அதுதான் என்று அப்போதுதான் எனக்கு உறைத்தது. நிறுத்தி நிதானமாக வாசித்தேன்.

கேட்டு முடித்துவிட்டு, கதிரையிலிருந்து எழுப்பிவிடச் சொல்லி இரண்டு கைகளையும் என்னிடம் நீட்டினார்.