எக்ஸ்ரே மேல் அப்பா வைத்த ஸ்கேல்

எழுபத்தேழாம் வருஷமா எழுபத்தெட்டா என்று இப்போது உறுதியாகச் சொல்ல முடியவில்லை. நான் மூன்றாம் வகுப்பு படித்துக்கொண்டிருந்தேன். வில்லியனூரை அடுத்த ஒதியம்பட்டில் எங்கள் வீடு. கரும்பு வெட்டு நடந்துகொண்டிருந்த சமயம். பள்ளிக்கூடம் விட்டதும் கரும்பு வண்டிக்குப் பின்னால் ஓடி ஒரு கழியை உருவிவிட்டால்தான் எங்களுக்கு அன்றைய பொழுது முடிந்த மாதிரி. வண்டிக்காரர் திரும்பிப் பார்த்துத் திட்டுவார். நாங்கள் இன்னும் வேகமாக ஓடுவோம். அன்றைக்கு நான் உருவிய கழியோடு கட்டு மொத்தமும் சரிந்து என் மேல் விழுந்தது. வலது தொடை எலும்பு உடைந்த சத்தம் எனக்கே கேட்டது. சொன்னால் யாரும் நம்புவதில்லை. ஆனால் கேட்டது.

என் அப்பா பம்புசெட் மெக்கானிக். கொம்யூன் பஞ்சாயத்து ஆபீசுக்கு எதிரில் ஒரு சின்ன ஷெட் வைத்திருந்தார். ஏம்பலம், பாகூர் வரைக்கும் சைக்கிளில் போய் வேலை பார்ப்பார். மோட்டாரையும் பம்பையும் ஒரே நேர்க்கோட்டில் உட்கார வைப்பதில் அவரை மிஞ்ச ஆள் இல்லை என்று ஊரில் பெயர். இரண்டையும் இணைக்கிற கப்ளிங்கின் மேல் தன் எஃகு ஸ்கேலைப் படுக்க வைத்து, ஒரு கண்ணை மூடிக்கொண்டு, ஸ்கேலுக்கு அடியில் வெளிச்சம் தெரிகிறதா என்று பார்ப்பார். நூலளவு தெரிந்தாலும் போல்ட்டைக் கழற்றி, மோட்டாருக்கு அடியில் மெல்லிய தகடு ஒன்றைச் சொருகி, மறுபடியும் பார்ப்பார். தண்ணீர் பாயாமல் பயிர் வாடுகிறதே என்று மோட்டார்க்காரர் பக்கத்தில் நின்று புலம்பினாலும் அவசரப்பட மாட்டார். அலைன்மெண்ட் போனால் எல்லாம் போச்சு என்பார். இங்கிலீஷில் அவருக்கு நன்றாகத் தெரிந்த ஒரே வார்த்தை அதுதான் என்று அம்மா கேலி செய்வாள். அந்த ஸ்கேல் ஞாயிற்றுக்கிழமை பூசைக்குப் போகும்போதுகூட அவர் சட்டைப் பையில் இருக்கும்.

என்னைத் தூக்கிக்கொண்டு டவுன் பெரியாஸ்பத்திரிக்கு ஓடினார்கள். காலில் பட்டை ஒட்டி, கயிறு கட்டி, கட்டில் முனையில் ஒரு உருளை வழியாக எடைக்கல்லைத் தொங்கவிட்டார்கள். கால் நாள் முழுக்க இழுபட்டபடியே இருக்கும். நான் அழுது தீர்த்தேன். அப்பாவுக்கோ அந்த ஏற்பாடு ரொம்பப் பிடித்துப்போய்விட்டது. உருளை கிறீச்சிட்டது என்று வீட்டிலிருந்து எண்ணெய்க் குப்பியைக் கொண்டுவந்து ஒரு சொட்டு விட்டார். நர்சம்மா அதைப் பார்த்துவிட்டுத் திட்டவில்லை, சிரித்தார்.

பக்கத்துக் கட்டிலில் ரோடு போடுகிற இலாகாவில் வேலை செய்கிற ஒருவரின் மகன் படுத்திருந்தான். அந்த மனிதரும் அப்பாவும் சீக்கிரமே சிநேகிதமாகிவிட்டார்கள். தங்கள் இலாகாவில் அலைன்மெண்ட் என்றால் ரோடு போகிற பாதைதான், ஏரியைச் சுற்றி வளைந்து போனாலும் அதற்கு அதே பேர்தான் என்று அவர் ஒருநாள் சொன்னார். வளைந்து போவதற்குப் போய் அந்தப் பேரா என்று அப்பா விழுந்து விழுந்து சிரித்தார். ரோட்டுக்காரர்களுக்கு ஒன்றும் தெரியவில்லை என்று அம்மாவிடமும் சொன்னார். அதை நான் ஏன் இத்தனை வருஷம் ஞாபகம் வைத்திருக்கிறேன் என்பது பிறகு உங்களுக்கே புரியும்.

இரண்டு வாரம் போல் ஆகியிருக்கும். மறுபடியும் எக்ஸ்ரே எடுத்தார்கள். ஒரு இளவயது டாக்டர் பிலிமைத் தூக்கிப் பார்த்துவிட்டு, அலைன்மெண்ட் நன்றாக இருக்கிறது என்றார். அந்த வார்த்தையைக் கேட்டதும் அப்பா முகம் மலர்ந்ததே, அதை நான் மறக்கவில்லை. தன் ஊர்க்காரரை வெளியூரில் பார்த்த மாதிரி ஒரு சந்தோஷம். நானும் பார்க்கலாமா என்று கேட்டு பிலிமை வாங்கினார். ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்தார். சட்டைப் பையிலிருந்து ஸ்கேலை எடுத்து எலும்பின் மேல் வைத்தார்.

மலர்ந்த முகம் அப்படியே சுருங்கிப்போனது. உடைந்த இரண்டு முனைகளும் ஒன்றோடொன்று முட்டிக்கொண்டு நிற்கவில்லை. பக்கத்தில் பக்கத்தில், ஒன்றின் மேல் ஒன்று கொஞ்சம் ஏறினாற்போல் நின்றன. மோட்டாரும் பம்பும் அப்படி நின்றால் ஒரு மணி நேரத்தில் கப்ளிங் தெறித்துவிடும். அப்பா அதை டாக்டரிடம் மரியாதையாகத்தான் காட்டினார். டாக்டருக்குப் பின்னால் பத்துப் பேர் காத்திருந்தார்கள்.

"கொஞ்சம் ஏறித்தான் இருக்கு, பரவாயில்ல. சின்னப் புள்ளதானே, தானா சரியாயிடும்" என்று சொல்லிவிட்டு அவர் அடுத்த கட்டிலுக்குப் போய்விட்டார்.

அப்பாவுக்கு மூக்குக்கு மேல் கோபம் வந்தது. வெளியில் காட்டிக்கொள்ளவில்லை. ஆனால் அன்று முழுக்க அந்தச் சொல்லையே மென்றுகொண்டிருந்தார். சின்னப் புள்ளதானேவாம். பெரிய வீட்டுப் பிள்ளையாக இருந்தால் இப்படிச் சொல்வாரா? தானாகச் சரியாகுமாம். கோணலாக உட்கார்ந்த மிஷின் எதுவும் தானாகச் சரியானதை அவர் ஆயுசில் கண்டதில்லை. விட்டால் இன்னும் கெடும், அவ்வளவுதான். இத்தனைக்கும் அந்த டாக்டர் எங்களிடம் ஒருநாளும் சிடுசிடுத்ததில்லை.

அம்மா கெஞ்சிப் பார்த்தாள். படித்தவர் சொல்கிறார், நமக்கென்ன தெரியும், மாதா கோயிலில் வேண்டிக்கொண்டிருக்கிறேன், இங்கேயே கிடக்கட்டும் என்றாள். அப்பா அவளிடம் குரலை உயர்த்தவில்லை.

"எம் புள்ள கால நானே பாத்துட்டு சும்மா இருக்கச் சொல்றியா?" என்று மட்டும் கேட்டார்.

ஆஸ்பத்திரியில் சொந்தப் பொறுப்பில் அழைத்துப் போகிறேன் என்று எழுதிக் கொடுத்துவிட்டு, வாடகைக் காரின் பின்சீட்டில் என்னை மடியில் கிடத்திக்கொண்டு, எல்லை தாண்டி ஒரு கிராமத்தில் எலும்புக்குக் கட்டுப் போடுகிறவரிடம் கொண்டுபோனார். அந்தப் பெரியவரைக் குறை சொல்ல மாட்டேன். காலைத் தடவிப் பார்த்துவிட்டு, கூட ஆரம்பித்துவிட்டது, கலைக்க வேண்டாம் என்றுதான் அவரும் சொன்னார். அப்பா விடவில்லை. எக்ஸ்ரேயைக் காட்டி, முனைக்கு முனை முட்ட வைத்தே ஆகவேண்டும் என்று ஒற்றைக்காலில் நின்றார். ஊரெல்லாம் பேர் வாங்கிய மெக்கானிக் இவ்வளவு அழுத்தமாகச் சொல்லும்போது அவர்தான் என்ன செய்வார்?

அந்த வலியை நான் எழுதப் போவதில்லை. அப்பா என் தலையைத் தன் நெஞ்சோடு சேர்த்துப் பிடித்துக்கொண்டிருந்தார். அவர் சட்டையில் கிரீஸ் வாசனை அடித்தது. அவர் கண்ணீர் என் நெற்றியில் விழுந்தது. இதோ ஆச்சு கண்ணு, இதோ ஆச்சு என்று சொல்லிக்கொண்டே இருந்தார்.

மூங்கில் பட்டை வைத்துக் கட்டினார்கள். ஆனால் வீட்டில் காலைப் பிடித்து இழுத்து வைக்க அந்த எடைக்கல் இல்லை. தொடைச் சதைக்கு எவ்வளவு பலம் இருக்கும் என்று எங்களுக்கு எப்படித் தெரியும்? அது உள்ளுக்குள்ளேயே எலும்பை இழுத்து மடக்கிவிட்டது. கட்டைப் பிரித்து என்னை நிற்க வைத்தபோது வலது கால் இரண்டு விரற்கடை குட்டையாக இருந்தது. பாதம் வெளிப்பக்கமாகத் திரும்பியிருந்தது. அம்மா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். அப்பா ஷெட்டுக்குப் போய்விட்டார்.

அதற்குப் பிறகு பல வருஷம் எங்கள் வீட்டில் ஒரே கதைதான். ஆஸ்பத்திரியில் காலைக் கெடுத்துவிட்டார்கள், அப்பா முடிந்தவரை காப்பாற்றினார். நானும் அதைத்தான் நம்பினேன். பள்ளிக்கூடத்தில் நொண்டி என்று யாராவது கூப்பிட்டால், எனக்கு முகமே மறந்துபோன அந்த இளவயது டாக்டர் மேல்தான் ஆத்திரம் வரும்.

எனக்குச் செருப்பு செய்வதை அப்பாவே எடுத்துக்கொண்டார். ஒவ்வொரு வருஷமும் நான் வளர வளர, என்னை வாசல் சுவரில் சாய்த்து நிற்க வைப்பார். குட்டைக் காலுக்கு அடியில் ரப்பர் ஷீட்டை ஒவ்வொன்றாகச் சொருகுவார். பின்னால் குந்தி உட்கார்ந்து, ஒரு கண்ணை மூடிக்கொண்டு, இடுப்பு இரண்டு பக்கமும் சமமாக இருக்கிறதா என்று பார்ப்பார். ஒருமுறை கொத்தனாரின் ரசமட்டத்தைக்கூட இரவல் வாங்கி வந்தார். நான் கூச்சத்தில் நெளிவேன். ஆடாதடி என்பார். அந்த அளவுக்கு ரப்பரை வெட்டி ஒட்டி செருப்பு தைக்கக் கொடுப்பார். அதைப் போட்டுக்கொண்டு நடந்தால் உற்றுப் பார்க்கிறவர்களுக்குத்தான் என் நடை தெரியும்.

பத்தாம் வகுப்பு வந்தபோது இடுப்பு வலி தாங்க முடியாமல் மறுபடியும் அதே ஆஸ்பத்திரிக்குப் போகவேண்டி வந்தது. அப்பா பெட்டியிலிருந்து அந்தப் பழைய எக்ஸ்ரேயை எடுத்துக்கொண்டார். இத்தனை வருஷமாகத் துண்டில் சுற்றிப் பத்திரமாக வைத்திருந்தார். என்றைக்காவது ஒருநாள் அதை அவர்கள் மேஜையில் போட்டு நியாயம் கேட்பதாக எண்ணம். இந்த முறை பார்த்தவர் நடுத்தர வயது டாக்டரம்மா. அவர் பிலிமை வெளிச்சத்தில் வைத்து நிதானமாகப் பார்த்தார்.

"இது நல்லாத்தானே கூடிக்கிட்டு இருந்தது. யாரு கலைச்சாங்க?" என்று கேட்டார்.

அப்பாவுக்குப் புரியவில்லை. முனைகள் ஏறி நிற்பதை விரலால் தொட்டுக் காட்டினார். டாக்டரம்மா பொறுமையாக உட்கார வைத்துச் சொன்னார். அந்த வயசுப் பிள்ளைகளுக்குத் தொடை எலும்பு உடைந்தால், கூடும்போது அந்தக் கால் கொஞ்சம் வேகமாக வளருமாம். முனைக்கு முனை வைத்தால் அது மற்ற காலைவிட நீண்டுவிடக்கூடும் என்றுதான் கொஞ்சம் ஏறி நிற்பதை அப்படியே விடுவார்களாம். மேலிருந்து கீழ்வரைக்கும் கால் கோணாமல் போகிறதா என்பதைத்தான் அவர்கள் அலைன்மெண்ட் என்று பார்ப்பார்களாம். நடுவில் இருக்கிற மேடு பள்ளம் பிள்ளை வளர வளர, இருந்த இடம் தெரியாமல் மறைந்துவிடுமாம்.

அப்பா பிலிமைத் திரும்ப வாங்கித் துண்டில் சுற்றினார். துண்டு நழுவி நழுவி விழுந்தது. நான்தான் வாங்கிச் சுற்றிக் கொடுத்தேன்.

பஸ் ஸ்டாண்டில் வில்லியனூர் பஸ்ஸுக்காக உட்கார்ந்திருந்தோம். இரண்டு பஸ் வந்து போயின. அப்பா எழுந்திருக்கவில்லை. என் காலையே பார்த்துக்கொண்டிருந்தார். எனக்கா தனக்கா என்று தெரியாமல் சொன்னார்.

"சின்னப் புள்ளன்னு அந்தாளு சொன்னாரே, அதுக்கு இதாம்மா அர்த்தம். இரும்பு வளராது கண்ணு. நீ வளருவேன்னு எனக்குத் தோணவே இல்லியே."

"எனக்கு ஒண்ணும் வலிக்கலப்பா" என்றேன். இடுப்பு வலிக்கு மருந்து வாங்கிக்கொண்டு வந்திருக்கிறோம் என்பது அந்த நேரத்தில் எனக்கு மறந்தே போய்விட்டது. அவர் என் முழங்காலில் கை வைத்தார். அடுத்த பஸ் வரும்வரைக்கும் அந்தக் கையை எடுக்கவில்லை.

அதற்குப் பிறகும் அப்பா வேலைக்குப் போனார். பம்புசெட் மாட்டினார். ஆனால் அலைன்மெண்ட் என்ற வார்த்தையை அவர் வாயிலிருந்து நான் மறுபடியும் கேட்கவில்லை. நேரா இருக்குதா பாருங்க என்று மோட்டார்க்காரரிடமே கேட்பார். செருப்பு செய்வதை மட்டும் விடவில்லை. முன்பெல்லாம் அளவெடுக்கும்போது ஆஸ்பத்திரிக்காரர்களைத் திட்டிக்கொண்டே இருப்பார். இப்போது பின்னால் குந்தியிருக்கிறவர் மூச்சு விடுகிற சத்தம் மட்டும் கேட்கும். எனக்குக் கல்யாணமாகிப் பிள்ளை பிறந்த பிறகும், வருஷத்துக்கு ஒருமுறை ரப்பர் ஷீட்டோடு பஸ் ஏறி வந்துவிடுவார்.

உங்கள் மேல் எனக்கு வருத்தம் இல்லை என்று நான் எத்தனையோ முறை சொல்லியிருக்கிறேன். உண்மையாகத்தான் சொன்னேன். கேட்டுத் தலையாட்டுவார். நம்பினாரா என்று தெரியவில்லை. கடைசியாகப் படுக்கையில் கிடந்தபோது நான் வீட்டுக்குள் வெறுங்காலோடு நடந்து வந்தேன். என் ஒரு கால் ஓங்கியும் ஒரு கால் தேய்ந்தும் வருகிற சத்தம் கேட்டதும் அவர் கண்ணை மூடிக்கொண்டார். உடனே வெளியே போய்ச் செருப்பை மாட்டிக்கொண்டு வந்து பக்கத்தில் நின்றேன். மாட்டியாச்சுப்பா என்று சொன்னதும்தான் கண்ணைத் திறந்தார்.

அவர் ஒன்றும் தெரியாமல் செய்தவர் அல்ல. தன் தொழிலை ரொம்ப நன்றாகத் தெரிந்தவர். நீங்க சொல்றது இன்னா சார் என்று அப்பா ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். நீ எதைப் பார்த்துப் பயப்படுகிறாய் என்று அந்த டாக்டரும் கேட்டிருக்கலாம். இருவருக்கும் தெரிந்த வார்த்தையாக இருந்ததால்தான் இருவரும் கேட்கவில்லை. அதனால் எனக்கு நன்றாகத் தெரிந்த ஒரு சொல்லை வேறொருவர் சொன்னாலும், அவர் எதைச் சொல்கிறார் என்று கேட்காமல் நான் விடுவதில்லை. இதுகூடவா தெரியாது என்று சிரிக்கிறார்கள். சிரித்துவிட்டுப் போகட்டும்.

இப்போது என் செருப்பைக் கடையில் அளவெடுத்துச் செய்து தருகிறார்கள், நன்றாகவே இருக்கிறது. ஆனாலும் புதுச் செருப்பு வந்த அன்று யாரும் இல்லாத நேரம் பார்த்து வாசல் சுவரில் சாய்ந்து நிற்கிறேன். அசையாமல் நின்றால், ஒரு கண்ணை மூடிக்கொண்டு பின்னால் யாரோ குந்தியிருக்கிற மாதிரி ஒரு நிமிஷம் தோன்றுகிறது, போதும்ப்பா சரியாயிடுச்சு என்று சொல்லிவிட்டுத்தான் நடக்கத் தொடங்குகிறேன்.