அக்காவின் ஸ்காட்லாந்துக் கட்டுரைகளில் நான் வெட்டியவை

அக்கா நம்மைவிட்டுப் போய் ஓராண்டு ஆகிறது. நினைவு ஆராதனைக்கு வந்திருக்கும் அனைவருக்கும் ஸ்தோத்திரம். தம்பியாகிய நான் இந்த நினைவு மலரில் எழுதுவது புகழ்ச்சி மட்டும் அல்ல, பொறுத்துக்கொள்ளுங்கள்.

அக்கா மயிலாடியில் பிறந்தார். அப்பா இறந்தபோது எனக்குப் பத்து வயது. நர்ஸ் வேலைக்குப் போய் என்னைப் படிக்கவைத்ததும் அம்மாவைக் கடைசிவரை பார்த்துக்கொண்டதும் அவர்தான். கல்யாணப் பேச்சை எடுத்தால், "அதுக்கு எங்க நேரம்?" என்று சிரித்துத் தட்டிக்கழிப்பார். அம்மா போன பிறகு, ஐம்பதை நெருங்கும் வயதில், ஸ்காட்லாந்தின் வடக்கே ஒரு தீவில் முதியோர் இல்லத்து வேலைக்குப் போனார்.

நம் சபைக்குச் சந்தோஷத்தில் தலைகால் புரியவில்லை. மிஷனரிமாரை அனுப்பிய நாடல்லவா! சபையின் மாத இதழை அப்போது நான்தான் பார்த்துவந்தேன். அக்காவை எழுதச் சொன்னேன். வாட்ஸ்அப்பில் எழுதி அனுப்பினார். மலை முழுக்கப் பூக்கும் ஊதாநிறப் புதர்கள், நடுரோட்டில் படுத்துக்கொண்டு பஸ்ஸை மறிக்கும் ஆடுகள், சாந்தே இல்லாமல் கல்லை அடுக்கிய வேலிகள். "நம்ம ஊரு கல்லாசாரிமாரு பாத்தா சும்மா விடமாட்டாவ, ஒரு தட்டு தட்டித்தான் பாப்பாவ" என்று அவர் எழுதியதை வாசித்து நீங்களும் சிரித்தீர்கள்.

மூன்றாம் குளிர்காலத்தில் வந்த கட்டுரை வேறு மாதிரி இருந்தது. அந்தத் தீவின் சர்ச்சுக்கு ஆறேழு வயதானவர்கள்தான் வந்துகொண்டிருந்தார்களாம்; இப்போது அதையும் விற்று, சுற்றுலாக்காரர்கள் தங்கும் விடுதி ஆக்கிவிட்டார்களாம். ஞாயிற்றுக்கிழமைகளில் அறையில் தனியாக உட்கார்ந்து பாடுவதாக எழுதியிருந்தார். சபையார் மனம் புண்படுமே என்று அந்தப் பத்தியை வெட்டிவிட்டு, பனி பெய்ததை மட்டும் அச்சடித்தேன்.

இதழைப் பார்த்த அக்கா போன் செய்தார். "ஏலே மக்கா, சர்ச்சு காரியத்த எடுத்தது போட்டும். எனக்கு இங்க முடியல்ல. ஊருக்கு வரட்டா?"

"இப்பமே வந்தா ஆளுவ என்ன சொல்லும்க்கா? எல்லாரும் ஒனக்க கட்டுரைக்குத்தான் காத்துக் கெடக்காவ. இன்னும் ஒரு வருசம் இரு."

"செரி மக்கா."

அதற்குப் பிறகு மலையையும் கடலையும் மட்டுமே எழுதினார். எனக்கும் அது வசதியாக இருந்தது.

அடுத்த குளிர்காலத்தில் அந்த அறையிலேயே மாரடைப்பில் இறந்துபோனார். அடக்கத்தன்று, "சொர்க்கம் மாதிரி எடத்துல இருந்தா, கொடுத்துவச்சவ" என்று பலர் என் கையைப் பிடித்துச் சொன்னார்கள். நான் தலையாட்டினேன். அதை நினைத்தால் இன்றும் வெட்கமாக இருக்கிறது.

அக்காவின் உடலை ஊர் கொண்டுவந்து சேர்த்த, உடன் வேலைபார்த்த மலையாளி நர்சுகளுக்கும், கல்லறைவரை வந்த உங்களுக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி. பின்வரும் பக்கங்களில் அக்காவின் கட்டுரைகளை ஒரு வரி விடாமல் அச்சிட்டிருக்கிறேன். வாசித்துவிட்டு யாரும் என்னைத் தேற்ற வேண்டாம். ஊருக்கு வரட்டுமா என்று அக்கா கேட்டது என்னிடம்தான்.