தயாளினி எடுக்காத சொல்

எங்கள் ஊரில் தையல்காரி தயாளினியைத் தெரியாத பெண்கள் இல்லை. நெடுங்கேணிச் சந்தைக்குப் பக்கத்தில் ஒரு சின்னக் கடை, ஒரு மெசின், இரண்டு கதிரைகள். சாறிச் சட்டை தைத்தால் நூலளவும் பிசகாது. பேச்சும் அப்படித்தான், சுற்றி வளைக்க மாட்டாள்.

அவளுடைய தாய் அழகம்மா, எழுபத்தேழாம் ஆண்டுக் கலவரத்தில் மலைநாட்டுத் தேயிலைத் தோட்டத்திலிருந்து ஓடிவந்தவர். தயாளினி பிறந்தது இங்கேதான். யுத்தத்தில் எங்களோடுதான் ஓடினாள், எங்களோடுதான் முகாமில் கிடந்தாள். ஆனாலும் கோபம் வந்தால் எங்கள் சனத்தின் வாயில் வருவது ஒரே சொல்தான்: 'தோட்டக்காட்டாள்'. நானும் சொல்லியிருக்கிறேன். தைக்கக் கொடுத்த சட்டை ஒரு நாள் பிந்தியதற்காக, அவள் காதில் விழும்படியே சொன்னேன். இப்போது நினைத்தால் வெட்கமாக இருக்கிறது.

போன வருடம் அவள் ஒரு பாட்டுக் கட்டினாள். தாளத்துக்கு ஆள் தேடவில்லை. தன் மெசின் ஓடுகிற சத்தத்தையே கைப்பேசியில் பிடித்துக்கொண்டாள். கலியாண வீடியோ எடுக்கிற செந்தூரன் அதைப் படமாக்கினான். ஊர்ப் பெண்கள் பன்னிரண்டு பேரின் சட்டைகள் கொடியில் தொங்க, நடுவில் நின்று, "தோட்டக்காட்டாள் தைச்ச சட்டை தோளுக்கெல்லாம் பொருந்துதோ?" என்று கேட்பாள். மூன்றாவதாகத் தொங்குவது என்னுடையது.

வீடியோ கனடா வரை போனது. ஊர்வாயை மூட உலைமூடி ஏது? சிலர் கொடுத்த துணியைத் தைக்காமலே திருப்பி வாங்கிப் போனார்கள். "தன்ரை மானத்தைத் தானே சந்தியிலை விக்கிறாள்" என்றார் என் மாமியார். சந்திக்கு வந்தது எங்கள் மானம். அதுதான் எல்லோருக்கும் எரிச்சல்.

சித்திரையில் வாசிகசாலை ஆண்டு விழா வந்தது. அதில் பாட அவள் பெயர் கொடுத்தாள். தலைவர் யோகலிங்கம் கடைக்கே வந்துவிட்டார். நான் அளவு கொடுத்துக்கொண்டு நின்றேன்.

"பாட்டு நல்லாத்தான் இருக்கு பிள்ளை. அந்த ஒரு சொல்லை மட்டும் எடுத்துப்போட்டுப் பாடுமன்."

"முதல்லை ஊர் எடுக்கட்டும் ஐயா. பிறகு நான் எடுக்கிறன்."

"அப்பிடியெண்டால் மேடை இல்லை."

"கீழ நிண்டு பாடுறன்."

அவர் போன கையோடு, மூலையில் கொளுக்கி தைத்துக்கொண்டிருந்த அழகம்மா நான் நிற்பதையும் மறந்து கெஞ்சினார். "வேணாம்டி. இந்த ஊர்லதான் நாம இன்னும் இருந்தாகணும்." தயாளினி என் கைச்சுற்றளவை எழுதிவிட்டு, "இருக்கத்தானம்மா பாடுறன்" என்றாள்.

சொன்னபடியே மேடைக்குக் கீழே நின்று பாடினாள். மைக் தரவில்லை. கையில் ஒரு சின்ன ஸ்பீக்கர் மட்டும். அந்தச் சொல் வந்ததும் யோகலிங்கம் எழுந்து, என் பக்கத்தில் இருந்த அழகம்மாவைப் பார்த்துக் கத்தினார்.

"உம்மட பிள்ளையே இது? நிப்பாட்டச் சொல்லும்!"

அழகம்மா எழுந்து நின்றார். தோட்டத்து ஆள் என்று யாரும் கண்டுபிடித்துவிடக் கூடாதென்று, வந்த நாள் முதல் ஊராரிடம் ஆம் என்பதற்கு 'ஓம்', 'ஓம்' என்று எங்களைப் போலவே சொல்லிப் பழகிய மனிசி அவர்.

"ஆமாங்க," என்றார். "எம் மகதான். முழுசாப் பாடட்டும்."