அண்ணனும் எண்ணெய் விடும் ஆப்பிளும்

எங்கள் அண்ணன் கண்மூடி ஓராண்டு ஆகிவிட்டது. இந்த நினைவு மலரைக் கையில் வாங்கும் சொந்தங்களுக்குத் தங்கை நான் சொல்ல ஒரு சங்கதி உண்டு. புகழ்ந்து எழுதினால் அண்ணனுக்குப் பிடிக்காது. அதற்காக விட்டுவிட முடியுமா?

தென்காசிப் பக்கம் பிறந்த அண்ணன், அப்பா இறந்த பின் அம்மாவையும் என்னையும் கூட்டிக்கொண்டு மூணாறு மலையேறினார். தேயிலைத் தோட்டத்தில் கொழுந்து மூட்டை சுமந்தவர், ஆயிரத்துத் தொள்ளாயிரத்து ஐம்பதுகளில் துரை பங்களாவில் தோட்டக்காரர் ஆனார். அந்த வேலை போனால், தோட்டத்தில் கொடுத்திருந்த லயத்து வீடும் போகும், மூவரும் நடுத்தெருவில்தான்.

பங்களா முற்றத்தில் பழைய துரைசானி நட்ட ஆப்பிள் மரம் ஒன்று நின்றது. அதன் பூர்வீகத்தை அந்த அம்மாளிடம் கேட்டு அண்ணன் மனப்பாடம் செய்திருந்தார். ஜெர்மனியில் ட்யூல்மென் என்ற சிற்றூரில், கிராவன்ஸ்டைன் என்னும் பழைய ஆப்பிளின் விதையிலிருந்து முளைத்த வகையாம். பெயர் ட்யூல்மென் ரோஜா ஆப்பிள். பெரிய பழம்; மஞ்சள் தோலில் சிவப்புக் கீற்று. கடித்தால் சாறு வழியும், இனிப்போடு இலேசான புளிப்பு. சமைக்காமல் அப்படியே தின்கிற பழம். காஷ்மீர் ஆப்பிளா என்று யாராவது கேட்டுவிட்டால் போதும், அண்ணனுக்கு மூக்குக்கு மேல் கோபம் வரும்.

புதிதாக ஒரு துரை வந்தார். பறித்து வைத்திருந்த பழங்களை அவர் தொட்டபோது கை பிசுபிசுத்தது. மினுக்கிக் காட்டத் தோட்டக்காரர் தேங்காய் எண்ணெய் தடவிவிட்டார் என்று சமையல்காரர் போட்டுக்கொடுத்தார். அண்ணன் தலையில் எந்நேரமும் எண்ணெய் வழியும், எல்லாரும் நம்பிவிட்டார்கள். துரை வேலையை விட்டு நிற்கச் சொன்னார்.

"ஐயா, இது பழத்தோட குணம். பறிச்சு வச்சா தானா எண்ணெய் விடும். நீங்களே புதுசா ரெண்டு பறிச்சு உங்க பீரோவுல வச்சுப் பூட்டுங்கய்யா. ரெண்டு வாரம் கழிச்சுப் பாத்துட்டுப் போகச் சொல்லுங்க, போயிருதேன்" என்று அண்ணன் மன்றாடினார். துரை சம்மதித்தார்.

அந்த இரண்டு வாரமும் அம்மா பாத்திரங்களைச் சாக்கில் கட்டியே வைத்திருந்தார். பாவி நான், அண்ணனிடமே கேட்டேன். "அண்ணே, நெசத்தைச் சொல்லு. கொஞ்சமாச்சும் தடவினியா?"

"ஏட்டி, துரை கேட்டாரு, சரி. நீ கேக்கலாமா?" என்றார் அண்ணன். அன்று அவர் சாப்பிடவில்லை.

பீரோ திறந்தபோது இரண்டு பழத்தின் தோலும் பிசுபிசுத்தது. துரை ஒன்றைத் துடைத்துத் தின்றுவிட்டு, மற்றதை அண்ணன் கையில் கொடுத்து, நாளை வேலைக்கு வரச் சொன்னார். அண்ணன் அதை முழுசாக என்னிடம் நீட்டினார். "தின்னு பாருட்டி, எண்ணெய் வாடை அடிக்கான்னு." அவர் சிரித்தார். நான் அழுதுகொண்டே தின்றேன்.

கடைசி நாட்களில் அண்ணனை ஜீப்பில் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோன லயத்துப் பிள்ளைகளுக்கும், முறை வைத்துக் கஞ்சி காய்ச்சித் தந்த மதினிமார்களுக்கும் எங்கள் குடும்பம் கடமைப்பட்டிருக்கிறது.

அண்ணே, தடவினியா என்று கேட்டதற்கு இத்தனை வருஷத்தில் நான் மன்னிப்புக் கேட்கவே இல்லை. வாயெடுத்தாலே பேச்சை மாற்றிவிடுவாய். இப்போது உன்னால் மாற்ற முடியாது. மன்னிச்சிரு அண்ணே.