கடலைக் கொல்லையில் ஆட்சி மாற்றம்

போன வாரம் நகரி பக்கத்தில் இருக்கும் அக்கா வீட்டுக்குப் போயிருந்தேன். எல்லை பிரித்தபோது ஆந்திராவிலேயே தங்கிவிட்ட தமிழ்க் குடும்பம். சண்டை தமிழில்... டிவி தெலுங்கில்!

சாயங்காலமானால் எல்லோரும் ஒரு சரித்திர சீரியல் முன்னால் ஆஜர். ஏதோ ஒரு நாட்டுச் சர்வாதிகாரி. சுற்றிலும் மந்திரிகள் — நாற்காலி எப்போது காலியாகும் என்று ஆளுக்கொரு கணக்கு. அவன் எதிரே வந்தால் மட்டும் ஒருத்தரும் வாயைத் திறக்க மாட்டார்கள்.

"இவனைப் போயி தலையில தூக்கி வச்சிக்கினு ஆடறானுங்களே... ரோஷம் கெட்டவனுங்க!"

இப்படிக் கொதித்தது யார் தெரியுமா? அக்கா வீட்டுக்காரர். எங்கள் மாமா.

எனக்குச் சிரிப்பு தாங்கவில்லை. அவருக்கும் தம்பி முருகேசனுக்கும் பொதுக் கிணறு. மோட்டார் ரூம் சாவி மட்டும் மாமாவின் சட்டைப் பையில்! அவர் 'சரி' சொல்லாமல் ஒரு சொட்டுத் தண்ணீர் பாயாது. முருகேசனின் வேர்க்கடலைப் பயிரோ இன்றோ நாளையோ என்று கிடந்தது.

விளம்பரம் வந்தது. முருகேசன் தொண்டையைச் செருமினான்.

"ணா... கடலை காஞ்சிக்கினு கீது. இன்னிக்கி ஒரு வாட்டி தண்ணி வுட்டா பொழைச்சிக்கும். கரண்ட்டு போறதுக்குள்ள..."

"கரும்புக்குப் பாயட்டும். அப்பால பாக்கலாம்."

"இதையேதான் ணா போன வாரமும் சொன்ன."

"எதிர்த்துப் பேசறியா? நைனா இருந்தா இப்டி பேசுவியாடா?"

செத்துப்போன அப்பாவைச் சாட்சிக்குக் கூப்பிட்டால் அந்த வீட்டில் பேச்சு முடிந்தது என்று அர்த்தம். முருகேசன் தலையைக் குனிந்துகொண்டான்.

சீரியல் மறுபடி தொடங்கியது. மந்திரிகள் இன்னமும் கிசுகிசுத்துக்கொண்டுதான் இருந்தார்கள். திடீரென்று கொல்லைப் பக்கம் மோட்டார் சத்தம்!

எல்லோரும் ஓடினோம். அக்கா கையில் மண்வெட்டி. கடலைக்கு மடை திருப்பிக்கொண்டிருந்தாள்.

"சாவி ஏதுடி?"

"உங்க சட்டை ஆணியிலதான தொங்கிக்கினு இருந்துச்சி? எடுத்தேன். இன்னமே எங்கிட்டயே இருக்கட்டும். யாருக்கு எப்போ தண்ணின்னு நான் பாத்துக்கறேன்."

முருகேசனுக்குக் கண் கலங்கிவிட்டது. "அண்ணி..." என்றான். அவள் கையிலிருந்த மண்வெட்டியை வாங்கிக்கொண்டான்.

அரண்மனைகளிலும் இப்படித்தான் போலிருக்கிறது. மீசைக்காரர்கள் ஒருவரையொருவர் முறைத்துக்கொண்டே இருப்பார்கள். டீ கொண்டுவந்து கொடுத்தவர் நாற்காலியில் உட்கார்ந்துவிடுவார்!

மறுநாள் காலை. அந்த வீட்டில் முதல் தோசை எப்போதும் மாமாவுக்குத்தான். அன்று அது முருகேசன் தட்டில் விழுந்தது. மாமா தன் முறை வரும்வரை காத்திருந்தார். ரெண்டு வாய் சாப்பிட்டுவிட்டு மெல்ல ஆரம்பித்தார்.

"சட்னி சூப்பரா கீதும்மா... கரும்புக்கு எப்போ வுடறே?"

கல்யாணமாகி இத்தனை வருஷத்தில் அவர் சட்னியைப் பாராட்டி நான் கேட்டது அதுதான் முதல் தடவை!